அப்பாவிடம் மிஞ்சிய ஒரே சொல்

டேனி,

நீ மேடையில் ஏறி நம் வீட்டைப் பற்றிப் பேசிவிட்டாய். முன்பின் தெரியாத ஜனங்கள் ஒரு மண்டபம் நிறைய உட்கார்ந்து கேட்டார்கள். அதனால் இந்தக் கடிதத்தை யார் படித்தாலும் எனக்குக் கூச்சமில்லை. நீ சொன்னது பாதி. மீதியை நான் சொல்லிவிடுகிறேன். போனில் சொல்லலாம்தான். ஆனால் போனில் நான் பேச ஆரம்பித்ததும் "சரிம்மா, புரியுதும்மா" என்பாய். நீ அப்படிச் சொல்லும்போதெல்லாம் உனக்கு ஒன்றும் புரியவில்லை என்று கண்டுபிடிக்க எனக்குப் பல வருஷப் பழக்கம் இருக்கிறது. தாளில் எழுதினால் நீ குறுக்கே பேச முடியாது.

நான் சந்தேகக்காரிதான். நீ கோபத்தில் சொன்னாய், ஆனால் பொய் சொல்லவில்லை. கல்யாணமான புதிதிலிருந்து முட்டி வலி வந்து வேலையை விடும்வரை பாடியில் அப்பாவும் நானும் வேலை பார்த்த அந்தக் கம்பெனியில் வெளியிலிருந்து வரும் ரப்பர் வளையங்களைச் சோதித்துப் பார்க்கும் வேலை எனக்கு. இழுத்துப் பார்ப்பேன், மடித்துப் பார்ப்பேன், வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்ப்பேன். பளபளவென்று இருப்பதைத்தான் அதிகமாகப் பார்ப்பேன். அந்தப் புத்தி வீட்டுக்கும் என்னோடு பஸ் ஏறி வந்துவிட்டது. யாராவது ஆறுதலாக ஒரு வார்த்தை சொன்னால் அதையும் இழுத்துப் பார்க்காமல் என்னால் உள்ளே விட முடிவதில்லை. தினமும் காலையில் நீ எனக்கு அனுப்புகிறாயே, சூரியன் உதிக்கிற படமும் அதன்மேல் நான்கு வரியும், அதைப் படித்ததும் எனக்குத் தோன்றுவது ஒன்றுதான். இதை எழுதியவர் அப்போது எங்கே உட்கார்ந்திருந்தார்? அவர் வீட்டில் யாருக்காவது உடம்பு சரியில்லாமல் இருந்ததா? இல்லை, சாப்பிட்டு முடித்து ஃபேனுக்கு அடியில் உட்கார்ந்து எழுதினாரா? ஃபேனுக்கு அடியில் எழுதினால் தப்பா என்று கேட்பாய். தப்பில்லை. ஆனால் எனக்குத் தெரிய வேண்டும்.

அப்பாவுக்கு அது நடந்த காலையில் நீ பெங்களூரில் இருந்தாய். அதனால் உனக்கு அது கேள்விப்பட்ட கதைதான். முதல் ஷிப்டுக்கு ஆட்களை ஏற்றப் போக வேண்டும் என்று அப்பா சட்டை மாட்டிக்கொண்டு நின்றார். ஆவடியிலிருந்து பாடிவரை அந்தக் கம்பெனி பஸ்ஸை ஓட்டிக்கொண்டே வழியெல்லாம் பேசுகிற மனிதர். பஸ்ஸில் ஏறுகிறவர்கள் தூங்க முடியாது என்று புகாரே உண்டு. டீ தம்ளரை நீட்டினேன். வாங்கினார், கையிலிருந்து வழுக்கியது. தம்ளர் விழுந்ததற்கு என்னைத் திட்டப்போகிறார் என்று நினைத்தேன். வாயைத் திறந்தார். வந்தது எந்த மொழியிலும் சேராத ஒரு சத்தம். அவருக்கே அது கேட்டிருக்கிறது. தன் சத்தத்தைக் கேட்டு அவர் பயந்த முகம் இருக்கிறதே, அதை நான் இன்னும் யாரிடமும் சரியாகச் சொன்னதில்லை.

பக்கத்து வீட்டுப் பாக்கியத்தின் புருஷன் ஆட்டோவில் கொண்டுபோய்ச் சேர்த்தோம். உயிர் தப்பியது. வலது கையும் காலும் பாதி போயின. பேச்சு முழுசாகப் போய்விட்டது. அதற்கப்புறம் ஆறுதல் சொல்ல வந்தவர்களைத்தான் உனக்குத் தெரியுமே. சபையிலிருந்து வந்தார்கள், கம்பெனியிலிருந்து வந்தார்கள், உறவுக்காரர்கள் வந்தார்கள். பாஸ்டர் ஐயா கட்டிலின் அருகில் நின்று வசனம் சொல்லி ஜெபித்தார். நல்ல மனிதர், குறை சொல்ல மாட்டேன். ஆனால் அவர் ஜெபிக்கும்போது நான் கண்ணை மூடவில்லை. அவர் கைக்கடிகாரத்தைப் பார்க்கிறாரா என்று பார்த்துக்கொண்டிருந்தேன். பார்த்தார். வேறு வீட்டிலும் நோயாளி இருந்திருக்கலாம். எனக்கு அப்போது அந்த நியாயமெல்லாம் தோன்றவில்லை. வந்தவர்கள் எல்லோரும் அழகாகத்தான் பேசினார்கள். எல்லாம் ஏற்கெனவே தைத்து வைத்த சட்டைபோல இருந்தது. யாருக்கு வேண்டுமானாலும் மாட்டலாம்.

அவ்வளவு பேச்சுக்கு நடுவில் பாக்கியம் வந்தாள். "அக்கா, நாளைக்குக் காலீல ஏழு மணிக்கு நான் வந்து அண்ணனாண்ட குந்திக்கிறேன். நீ ஊட்டுக்குப் போய் தலைக்கு ஊத்திக்கினு ரெண்டு இட்லி துன்னுட்டு வா" என்றாள். நான் நம்பவில்லை. ஆஸ்பத்திரி வராந்தாவில் ஆயிரம் பேர் ஆயிரம் சொல்வார்கள். மறுநாள் ஏழு மணிக்கு அவள் செருப்புச் சத்தம் கேட்டது. டேனி, என் வாழ்க்கையில் முதல்முறையாக ஒரு வார்த்தையை இழுத்துப் பார்த்தேன், அது அறுந்துபோகவில்லை.

அப்புறம் ஒரு நாள் ரத்தம் எடுக்க நர்ஸ் வந்தாள். ஊசியைப் பார்த்ததும் அப்பாவின் வாய் கோணியது, தொண்டை ஏறி இறங்கியது, தெளிவாக, பழைய குரலில், "பாத்துக்கலாம்" என்றார். நர்ஸ் கைதட்டினாள். நான் அழுதுகொண்டே உனக்குப் போன் போட்டேன். நீயும் அழுதாய். பேச்சு திரும்பிவிட்டது என்று நினைத்தோம். மத்தியானம் சாப்பாடு வேண்டுமா என்று கேட்டேன். "பாத்துக்கலாம்." பாத்ரூம் போகணுமா? "பாத்துக்கலாம்." என் பேரென்ன, சொல்லுங்க. என் முகத்தையே உற்றுப் பார்த்து, நெற்றியில் வியர்வை வர முயற்சி பண்ணி, "பாத்துக்கலாம்" என்றார். சொன்னதும் தலையைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார்.

அந்த வார்த்தையைப் பற்றி உனக்கு ஒன்று தெரியாது. உடம்பு நன்றாக இருந்த காலத்தில் அதைக் கேட்டாலே எனக்குப் பற்றிக்கொண்டு வரும். மாடித் தளம் ஒழுகுதுங்க என்றால் பாத்துக்கலாம். பையன் கணக்கில் ஃபெயில் என்றால் பாத்துக்கலாம். கம்பெனியை மூடப்போகிறார்களாமே என்றால் அதற்கும் அதுதான். கொதிக்கிற குழம்பின்மேல் தட்டைக் கவிழ்க்கிற மாதிரி அதைக் கவிழ்த்துவிட்டு சட்டையை மாட்டிக்கொண்டு போய்விடுவார். எதை மறைக்கிறார், எதற்குப் பயப்படுகிறார் என்று நான் அந்தத் தட்டைத் தூக்கித் தூக்கிப் பார்த்தே பாதி ஆயுசு கழிந்தது. இத்தனை வார்த்தை தெரிந்த மனிதரிடமிருந்து மற்றதெல்லாம் போய், நான் ஒருபோதும் நம்பாத இந்த ஒன்று மட்டும் மிஞ்சியது.

பேச்சுப் பயிற்சி கொடுக்க ஒரு பெண் வந்தாள். உன் வயதுதான் இருக்கும். அவள் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "ஆன்ட்டி, சில பேருக்கு இப்படி ஒரு வார்த்தை மட்டும் தங்கிடும். அவர் சொல்ல நினைக்கிறது வேற, வாயில வர்றது இதுதான். அதனால அர்த்தத்தைப் பிடிச்சுத் தொங்காதீங்க. குரல் எப்படிப் போகுதுன்னு கேளுங்க, மூஞ்சியைப் பாருங்க" என்றாள். அவளையும் நான் முதலில் நம்பவில்லை. ஆனால் வேறு வழி இல்லாததால் கேட்க ஆரம்பித்தேன். பசி என்றால் வார்த்தையின் கடைசி கீழே இறங்கும். கோபம் என்றால் முதல் எழுத்திலேயே உடைப்பார். வலி என்றால் "லாம்" மட்டும் மேலே ஏறி நிற்கும், கேள்வி கேட்கிற மாதிரி. பாக்கியம் வந்தால் அதையே பாட்டுப் போல இழுத்துச் சொல்வார். அவளும் "இன்னா அண்ணே, பாத்துக்கலாமா? பாத்துக்கலாம் பாத்துக்கலாம்" என்று பதில் சொல்வாள். இருவரும் அரை மணி நேரம் பேசுவார்கள். என்ன பேசினார்கள் என்று கேட்டால் அவள் முழுக் கதையும் சொல்வாள். அவள் கட்டிச் சொல்கிறாளோ என்று எனக்கு இன்றுவரை சந்தேகம் உண்டு.

அந்த வருஷ மழையில் கோவில்பதாகையில் நம் தெருவுக்குள் ஏரித் தண்ணீர் வந்தது. நீ வர முடியாமல் பெங்களூரிலேயே மாட்டிக்கொண்டாய், போனும் எடுக்கவில்லை. சாயங்காலம் கரண்ட் போனது. கட்டில் காலுக்குச் செங்கல் வைத்து உயர்த்தினேன். தண்ணீர் வாசல் படியைத் தாண்டியது, கூடத்தில் உன் பழைய ஷூ மிதந்து வந்தது. பாக்கியம் வீட்டில் அவர்களே சாமான்களை மேலே ஏற்றிக்கொண்டிருந்தார்கள், கூப்பிடத் தோன்றவில்லை. அப்பாவைத் தூக்க என்னால் ஆகாது. கட்டில் ஓரத்தில் உட்கார்ந்து, தண்ணீருக்குள் காலைத் தொங்கப்போட்டுக்கொண்டு, வாய்விட்டு அழுதேன். இனிமேல் முடியாது என்று அவரிடமே சொன்னேன். எல்லாவற்றையும் நான் ஒருத்தியே எத்தனை நாள் இழுப்பது என்று அவரையே திட்டினேன். பின்னாலிருந்து அவருடைய இடது கை வந்து என் தலைமேல் உட்கார்ந்தது. "பாத்துக்கலாம்" என்றார்.

நான் திரும்பி, "நிஜமாத்தான் சொல்றீங்களா, இல்ல சும்மா வாயில வருதா?" என்று கேட்டேன். கேட்கக் கூடாத கேள்வி. ஆனால் கேட்டேன். அவர் சிரித்த மாதிரி இருந்தது, இருட்டில் சரியாகத் தெரியவில்லை. மறுபடியும் அதையே சொன்னார். இறங்கும் பசிக் குரல் இல்லை, ஏறும் வலிக் குரல் இல்லை, எனக்குத் தெரிந்த எந்தக் குரலும் இல்லை. அவர் அந்த வார்த்தையைத்தான் சொல்ல நினைத்தாரா, அல்லது "அழாதே" என்றாரா, "என்னை விட்டுவிட்டு நீ மேலே போ" என்றாரா, எனக்குத் தெரியாது. இனித் தெரியவும் போவதில்லை. ஆனால் அன்றைக்கு ஒன்று தெரிந்தது. இதைச் சொல்லிவிட்டு இந்த மனிதர் இப்போது சட்டையை மாட்டிக்கொண்டு எங்கேயும் போகப்போவதில்லை. அதே தண்ணீரில், அதே கட்டிலில் உட்கார்ந்துகொண்டுதான் சொல்கிறார். நானும் காலை மேலே எடுத்து உட்கார்ந்துகொண்டேன். தண்ணீர் செங்கலின் மேல் விளிம்புவரை வந்தது, அதற்குமேல் ஏறவில்லை. ஏறியிருந்தாலும் அந்த நேரத்தில் நான் அவ்வளவு பயந்திருக்க மாட்டேன். இதை எந்தச் சோதனையிலும் நிரூபிக்க முடியாது. ஆனாலும் எழுதுகிறேன்.

அதற்கு அடுத்த வருஷம் உன் வேலை போயிற்று. அது உன் தப்பில்லை என்று எனக்குத் தெரியும். நீ பூந்தமல்லியில் அறை எடுத்துக்கொண்டு வேலை தேடினாய். ஒவ்வொரு நேர்காணலுக்குப் பிறகும் உன் குரல் கொஞ்சம் கொஞ்சமாகச் சிறுத்தது. பிறகு ஒரு நாள் திடீரென்று உன் குரல் பெரிதானது. அதுதான் எனக்கு முதல் சந்தேகம். யாரோ ஒரு மாஸ்டர் என்றாய். சாமியார் இல்லை, பயிற்சியாளர் என்றாய். அவர் பேச்சைக் கேட்டபின் தூக்கம் வருகிறது, பசிக்கிறது, பயம் போய்விட்டது என்றாய். நீ தூங்கினாய் என்றதும் எனக்குச் சந்தோஷம்தான், மறைக்க மாட்டேன். ஆனால் உன் வாயிலிருந்து நான் கேட்ட வார்த்தைகள் உன்னுடையதாக இல்லை. "அம்மா, சவால்கள் எல்லாம் வாய்ப்புகள்" என்றாய். குடிதண்ணீர் லாரி வரவில்லை என்று நான் சொன்னதற்கு அந்தப் பதில்.

அவரை ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு அழைத்து வந்தாய். சபைக்குப் போய்விட்டு வந்து நான் சமைத்துக்கொண்டிருந்தேன். வெள்ளைச் சட்டை, மென்மையான பேச்சு, என்னை "தாயே" என்றார். என் வயதுக்காரர் என்னைத் தாயே என்றால் நான் கொஞ்சம் தள்ளித்தான் நிற்பேன். அப்பாவின் முன்னால் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்து, அவருடைய வலது கையைத் தன் இரண்டு கைகளாலும் எடுத்து உயரத் தூக்கினார். அந்தத் தோள் தூக்கினால் வலிக்கும் என்று உனக்குத் தெரியும், டேனி. ஆனால் உன் கையில் போன் இருந்தது. நீ படம் எடுத்துக்கொண்டிருந்தாய். "ஐயா, உங்க மனசுல என்ன இருக்கு, சொல்லுங்க" என்றார் அவர். "பாத்துக்கலாம்" என்றார் அப்பா, "லாம்" மேலே ஏறி நின்றது. "பாருங்க, எல்லாத்தையும் இழந்த மனுஷர்கிட்ட நம்பிக்கை மட்டும் மிஞ்சியிருக்கு" என்றார் மாஸ்டர். நான் சமையலறையிலிருந்து, "கையை விடுங்க, அவருக்கு வலிக்குது" என்றேன். அவர் சிரித்துக்கொண்டே விட்டார். கோழிக் குழம்பு நன்றாக இருந்தது என்று சொல்லிவிட்டுப் போனார்.

கொஞ்ச நாள் கழித்து என்னோடு கம்பெனியில் வேலை பார்த்த மேரி ஒரு வீடியோ அனுப்பினாள். "அக்கா, இவரு உங்கூட்டுக்காரர் மாதிரியே கீறாரே. பாத்தாலே கண்ணு கலங்கிப்போவுது" என்று கூடவே குரல் செய்தி. திறந்து பார்த்தேன். அப்பாவின் முகம், பின்னால் மெல்லிய இசை, கீழே பெரிய எழுத்தில் அந்த வார்த்தை. கடைசியில் சூரியன் உதித்தது. என் குரல் இல்லை. "கையை விடுங்க" என்று நான் சொல்வதற்கு முன்னால் வெட்டிவிட்டார்கள். அல்லது வெட்டிவிட்டாய். யார் வெட்டியது என்று நான் அன்றைக்கும் கேட்கவில்லை, இன்றைக்கும் கேட்கவில்லை.

உனக்குப் போன் செய்தேன். "அது வலிடா" என்றேன்.

"அம்மா, அது எவ்வளவு பேருக்குத் தெம்பு கொடுக்குது தெரியுமா? கீழ கமென்ட்டைப் படிச்சுப் பாரு."

"படிச்சேன். அவங்க எல்லாம் நல்லவங்க. ஆனா அவர் சொன்னது அது இல்ல. தோள்பட்டை வலிக்குதுன்னு சொன்னார்."

"நீ என்னைக்காவது எதையாவது நம்பியிருக்கியா? எல்லாத்துலயும் சந்தேகம். உன்கூட இருந்தா மூச்சு முட்டுது" என்றாய். பிறகு நீ வருவதை நிறுத்திவிட்டாய். காலைப் படங்கள் மட்டும் தவறாமல் வந்தன.

அம்பத்தூரில் மாஸ்டரின் கூட்டத்தில் நீயே பேசப்போகிறாய் என்று அழைப்பு அனுப்பினாய் அல்லவா, நான் பதில் போடவில்லை. ஆனால் வந்தேன். அப்பாவைப் பாக்கியத்திடம் விட்டுவிட்டு, பஸ் பிடித்து, ஓ.டி. பஸ் நிலையத்தில் இறங்கி விசாரித்துக்கொண்டு வந்தேன். கடைசி வரிசையில் தூணுக்குப் பின்னால் இடம் கிடைத்தது. உண்மையைச் சொல்லிவிடுகிறேன், உன்னைக் கேட்க வரவில்லை, உன்னைக் காவல் காக்க வந்தேன். உன்னை எதில் கையெழுத்துப் போட வைக்கிறார்கள், எங்கே இழுத்துப் போகிறார்கள் என்று பார்க்க வந்தேன். சுற்றி இருந்தவர்களைப் பார்த்தேன். கூலி வேலைக்காரர்கள், கழுத்தில் அடையாள அட்டை மாட்டிய பிள்ளைகள், கையில் மருந்துப் பையோடு பெண்கள். எல்லோரும் எதையாவது பிடித்துக்கொள்ள வந்தவர்கள். அவர்களைப் பார்த்தபோது எனக்குக் கொஞ்சம் வெட்கமாக இருந்தது. அவர்கள் முட்டாள்கள் என்று நினைத்துக்கொண்டு வந்திருந்தேன்.

நீ ஏறினாய். மாஸ்டர் மாதிரியே வெள்ளைச் சட்டை, மாஸ்டர் மாதிரியே கையை விரித்தாய். அப்பாவைப் பற்றிச் சொன்னாய். ஆஸ்பத்திரிப் படுக்கையில் அப்பா உன் கையைப் பிடித்து, உன் கண்ணைப் பார்த்து, பாத்துக்கலாம்டா என்று சொன்னாராம். அந்த நொடியில் உன் வாழ்க்கை மாறியதாம். அந்த வார்த்தை வந்தபோது நீ பெங்களூரில் இருந்தாய், கட்டிலருகில் நர்ஸும் நானும்தான். மண்டபம் கைதட்டியது. பக்கத்தில் இருந்த ஒரு பிள்ளை கண்ணைத் துடைத்துக்கொண்டான். நான் பையை எடுத்துக்கொண்டு எழுந்திருக்க ஆயத்தமானேன்.

அப்போதுதான் நடு வரிசையில் அந்தம்மா எழுந்தாள். மைக் கொடுப்பதற்குள்ளேயே பேச ஆரம்பித்துவிட்டாள். "தம்பி, எங்கூட்டுக்காரருக்கும் இதே மாரிதான். அவருக்கு ஒரு வார்த்த கூட வர்ல. தெனம் சாயங்காலம் ஆனா அயுவுறாரு. சின்னப் பசங்க மாரி அயுவுறாரு. நான் இன்னா செய்யணும்னு நீங்க சொல்லுங்க. உங்கப்பா அயுதா நீங்க இன்னா செய்வீங்க?"

நீ சிரித்த முகமாக "நம்பிக்கையோட" என்று ஆரம்பித்தாய். அதோடு நின்றது. முன் வரிசையில் மாஸ்டர் கையை மெதுவாக அசைத்தார், பேசு என்று. நீ அவரைப் பார்த்தாய், அந்தம்மாவைப் பார்த்தாய். பிறகு மைக்கைக் கொஞ்சம் இறக்கி, "எனக்குத் தெரியலைங்கம்மா" என்றாய். "எங்கப்பா அழுதா நான் ரூமை விட்டு வெளிய போயிடுவேன். அம்மாதான் உள்ள இருப்பாங்க. அம்மா என்ன செய்வாங்கன்னு நான் நின்னு பார்த்ததில்ல."

மாஸ்டர் எழுந்து மைக்கை வாங்கி, அந்தத் தெரியலை என்பதையும் ஒரு பாடமாக்கி, கைதட்ட வைத்துவிட்டார். என் சந்தேகப் புத்தி அப்போதும் விடவில்லை. இதுவும் பயிற்சியில் ஒரு பகுதியோ, மனதைத் தொட இப்படிச் சொல்லச் சொல்லிக் கொடுத்தார்களோ என்று உன்னையே பார்த்துக்கொண்டிருந்தேன். நீ மேடை ஓரத்து நாற்காலியில் உட்கார்ந்தாய். கையில் தண்ணீர் பாட்டிலை வைத்துக்கொண்டு, திறக்காமலே வாயில் வைத்தாய். பிறகு அதைப் பார்த்துவிட்டுக் கீழே வைத்தாய். அப்போது நம்பினேன். வேலை போனதிலிருந்து உன்னிடம் நான் கேட்ட முதல் சொந்த வார்த்தை அந்தத் தெரியலைதான். உன்னிடம் ஓடி வர வேண்டும்போல் இருந்தது. வரவில்லை. உன்னைச் சுற்றி ஆட்கள் நின்றார்கள், நான் வந்தால் அதையும் படம் எடுத்துவிடுவார்களோ என்று பயந்தேன்.

செருப்பு விடும் இடத்தில் அந்தம்மாவைப் பிடித்தேன். பெயர் வள்ளி, திருநின்றவூரிலிருந்து ரயிலில் வந்திருந்தாள். "அந்தப் பையனோட அம்மா நான்தான்" என்றேன். என்னை மேலும் கீழும் பார்த்தாள். நம்பவில்லை. அதனாலேயே எனக்கு அவளைப் பிடித்தது.

"அப்போ நீயே சொல்லுக்கா. உங்கூட்டுக்காரரு அயுதா இன்னா செய்வே?"

"ஒண்ணும் செய்ய மாட்டேன். பக்கத்துல உக்காந்து கீரை ஆய்வேன்."

"அவ்ளோதானா?"

"ஏன் அழுவுறீங்கன்னு மட்டும் கேக்க மாட்டேன். பதில் சொல்ல வாய் வராத ஆளைக் கேள்வி கேட்டா, அது தண்டனை. அழுது முடிச்சதும் மூஞ்சியைத் துடைச்சுவிட்டு, கீரையைக் காட்டி, இன்னைக்கு மசியலா பொரியலான்னு கேப்பேன். அதுக்கு அவர் பதில் சொல்லிடுவார். எப்படின்னாலும் சொல்லிடுவார்."

வள்ளி குனிந்து செருப்பை மாட்டினாள். பிறகு, "எங்கூட்ல அவரு கீரை துன்ன மாட்டாரு" என்றாள். இரண்டு பேரும் சிரித்துவிட்டோம். அம்பத்தூர் ரயில் நிலையம்வரை சேர்ந்து நடந்தோம். ஒருவர் எண்ணை ஒருவர் வாங்கிக்கொண்டோம்.

போன சனிக்கிழமை அவள் புருஷனைக் கூட்டிக்கொண்டு வந்தாள். கொத்தனாராக இருந்தவராம், பெரிய உடம்பு. அப்பாவுக்கு எதிரில் உட்கார வைத்தோம். ஏதாவது அற்புதம் நடக்கும் என்று நீ நினைத்தால் அதுதான் இல்லை. அப்பா அவரைப் பார்த்து "பாத்துக்கலாம்" என்றார். அவர் புருவத்தைச் சுருக்கினார். அப்பா மறுபடியும் சொன்னார். அந்த மனிதர், ஏமாற்றப் பார்க்கிறாயா என்பதுபோல முகத்தைத் திருப்பிக்கொண்டார். நானும் வள்ளியும் டீ போடப் போனோம். திரும்பி வந்தபோது அப்பா அழுதுகொண்டிருந்தார், அந்த மனிதர் அவரையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். எழுந்து போகவில்லை. முகத்தைத் திருப்பவும் இல்லை. நான் டீயை அப்படியே கையில் வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் சமையலறை வாசலிலேயே நின்றேன்.

உன் மாஸ்டரை விட்டுவிடு என்று நான் எழுதவில்லை. விடு என்றால் நீ இன்னும் இறுக்கிப் பிடிப்பாய், என் பிள்ளைதானே. அவரிடம் போய்த் தூக்கம் வந்தது என்றால் அந்தத் தூக்கம் உன்னுடையது, அதை நான் பிடுங்க மாட்டேன். நீ நாளைக்கும் மேடை ஏறுவாயோ என்னவோ. ஏறினால், யாரோ தைத்த வார்த்தைகளை எடுத்துக்கொண்டு போகாதே. கேட்க வருகிறவர்கள் கையில் மருந்துப் பை இருக்கிறது. கஷ்டத்தில் இருக்கிறவளுக்கு ஒரு வார்த்தை பல வருஷம் தாங்க வேண்டும் என்றால், சொன்னவன் மறுநாள் காலையில் வந்து நிற்க வேண்டும். வர முடியாது என்றால் வர முடியாது என்றே சொல். தெரியவில்லை என்றால் அன்றைக்குச் சொன்ன மாதிரியே தெரியவில்லை என்று சொல். அப்படிச் சொன்னதால்தான் வள்ளி இன்றைக்கு என் வீட்டில் டீ குடிக்கிறாள். உன் மற்ற பேச்சு எதுவும் அவளுக்கு ஞாபகமில்லை, கேட்டுப் பார்த்துவிட்டேன்.

அந்த வீடியோ இப்போது இல்லை என்று மேரி சொன்னாள். நீ எடுக்கச் சொன்னாயா, அல்லது பழசாகிப்போய் அவர்களே எடுத்துவிட்டார்களா என்று எனக்குத் தெரியாது. நீ என்றுதான் நினைத்துக்கொள்ளப் போகிறேன். இல்லை என்றால் என்னிடம் சொல்லாதே. இந்த ஒன்றை நான் சோதித்துப் பார்க்காமல் வைத்துக்கொள்கிறேன்.

வருகிற சனிக்கிழமையும் அவர்கள் வருகிறார்கள். வள்ளியின் புருஷனை நம் வாசல் படியில் ஏற்றுவதுதான் கஷ்டம். போன முறை பாக்கியத்தின் புருஷனும் நானும் பிடித்தோம், என் முட்டி விட்டுவிட்டது, அவரைக் கிட்டத்தட்டக் கீழே போட்டிருப்போம். நீ வந்தால் எங்களோடு எதுவும் பேச வேண்டியதில்லை, எதற்கும் பதில் சொல்ல வேண்டியதில்லை. சின்னப் படிகள்தான். ஆனால் கனமான மனிதர், இரண்டு பக்கமும் தெம்பான ஆள் வேண்டும்.

அம்மா